காமன் கணையும் உருவிழந்த மக்களும்: ஊவாத் தோட்டங்களின் மாசிக் கூத்துப் பற்றி ஒரு வரலாற்று நோக்கு

புராணங்கள் பேசும் படைக்கலங்கள் இருவகையின. ஒருவகை உடலை அழிப்பது. மற்றொருவகை உள்ளதை வேறாக்குவது. இராமகாதையில் வரும் நாகபாசமும் பிரமாத்திரமும், பாரதத்தில் வரும் பாசுபதமும் பெரும்பாலும் முதல் வகைப்பட்டவை. இரண்டாம் வகைக்குத் தலைசிறந்த சான்று காமனுடைய மலர்க்கணையாகும். அது எவரையும் கொல்வதில்லை. எவருடைய அங்கத்தையும் ஊறுபடுத்துவதில்லை. ஆயினும் அது தைத்த பின் தைக்கப்பட்டவனுக்கு உலகம் முன்னிருந்த உலகமாக இருப்பதில்லை. துறவி காதலனாகிறான், வெறுத்த முகம் வேண்டிய முகமாகிறது. இத்தகைய ஒரு படைக்கலத்தைக் கற்பனை செய்த மனித மனம் மிக நுட்பமானது என்பதில் ஐயமில்லை.

இக்கணையின் கதையை ஆண்டுதோறும் மாசித் திங்களில் பதுளை மாவட்டத்துத் தேயிலைத் தோட்டங்களில் வாழும் தமிழ் மக்கள் கூத்தாக ஆடி வந்துள்ளனர். அதனையே நாம் காமன் கூத்து என்கிறோம். அக்கதையின் இறுதியில் ஒரு செய்தி உண்டு. எரிந்துபோன காமன் மீண்டும் உளனாகிறான்; ஆனால் உலகத்தார் கண்ணுக்கு அவனுக்கு உருவம் இல்லை; இரதி ஒருத்திக்கே அவன் தோன்றுவான். இந்த ஒரு செய்தி, இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் மலையக மக்களுக்கு நேர்ந்த ஒன்றோடு எவ்வாறு ஒத்து நின்றது என்பதை ஈண்டு நோக்குவாம்.

ஊவாவைப் பற்றி ஒன்று முதற்கண் கூறவேண்டும். எல்லப் பகுதியின் அருவியொன்றும் குகையொன்றும் இன்றும் இராவணன் பெயரையே தாங்கி நிற்கின்றன. மாயப் படைகளுக்கும் மாய உருவங்களுக்கும் பேர்போன அரசன் அவன். மாயாசனகன், மாயாசீதை என்று கம்பன் காட்டும் வஞ்சனைகளை அறியாதார் இலர். இத்துணை அருகில் இராவணன் நின்றும், அம்மலைகளிற் குடியேறிய தமிழ்த் தொழிலாளர் தம் கூத்துக் களத்தில் அவனுக்கு முதலிடம் கொடுக்கவில்லை. காமன் கூத்து, அருச்சுனன் தபசு, பொன்னர் சங்கர் ஆகிய மூன்றுமே மலையகத்தின் தலையாய கூத்துகளாயின. இடத்திலிருந்து கதை முளைப்பதாக நாம் எளிதில் எண்ணிவிடுகிறோம். இங்கே கதை, மக்களின் மூட்டையோடு கடல் கடந்து வந்தது.

வந்த கதை மிகப் பழையது. கலித்தொகை காமவேள் விழாவைப் பேசுகிறது. சிலப்பதிகாரத்தில், புகார் நகரத்துச் சோமகுண்டம், சூரியகுண்டம் ஆகிய துறைகளில் மூழ்கிக் காமவேள் கோட்டம் தொழுதால் பிரிந்த கணவனைக் கூடலாம் எனத் தேவந்தி கண்ணகிக்கு எடுத்துரைக்கிறாள். கண்ணகி அதனை ஏற்க மறுத்தமை வேறு விடயம். ஆண்டாள் தன் நாச்சியார் திருமொழியின் தொடக்கத்திலேயே தையும் மாசியும் காமனை நோக்கி நோன்பு நோற்கிறாள். இந்த மாசி, நம் கூத்தின் மாசியோடு பொருந்துவது மனங்கொள்ளத்தக்கது. மயிலாடுதுறைக்கு அணித்தாக உள்ள திருக்குறுக்கை, சிவபெருமான் காமனை எரித்த தலமாக அட்டவீரட்டங்களுள் வைத்து எண்ணப்படுகிறது. காவிரிப் படுகையில் இக்கதை எத்துணை ஆழ வேரூன்றியது என்பதற்கு இதனின் மேற்பட்ட சான்று வேண்டியதில்லை.

கதையைச் சுருங்கக் கூறுவோம். சூரபன்மன் கொடுமைக்கு ஆற்றாத தேவர்கள், சிவனுக்கு ஒரு மைந்தன் தோன்றினாலன்றித் தமக்கு உய்வில்லை எனக் காண்கின்றனர். சிவனோ யோகத்தில் அமர்ந்திருக்கிறான். அந்த யோகத்தைக் கலைக்க எந்த வாளும் வேலும் உதவா. எனவே கரும்பு வில்லும், வண்டு நாணும், தாமரை, மா, அசோகு, முல்லை, நீலம் எனும் ஐங்கணையும் உடைய காமன் அழைக்கப்படுகிறான். கச்சியப்ப சிவாசாரியாரின் கந்தபுராணம் இவ்விடத்தில் ஒரு நுட்பத்தை வைத்துள்ளது. காமன் போக விரும்பவில்லை. சிவன்மேல் கணை தொடுப்பதன் விளைவை அவன் நன்கு அறிவான். மறுத்தபோது பிரமன் சபித்துவிடுவதாக அச்சுறுத்துகிறான். சாபத்தால் அழிவதினும் சிவன் கையால் அழிவது மேல் என்று கருதியே அவன் புறப்படுகிறான். கணை தைக்கிறது, நெற்றிக்கண் திறக்கிறது, தைத்தவன் சாம்பலாகிறான். ஏவியவர் விண்ணிலே இருந்தனர், ஏவப்பட்டவனே எரிந்தான். தோட்டத்துக் கூத்துக் களத்தில் அமர்ந்திருந்தவர்களுக்கு இக்கதை விளக்கவுரை இன்றியே விளங்கியிருக்கும் என்று யான் கருதுகிறேன்.

அக்களம் அங்கு எவ்வாறு அமைந்தது என்பதையும் நோக்கவேண்டும். 1818ஆம் ஆண்டுக் கிளர்ச்சி கொடிய முறையில் ஒடுக்கப்பட்ட பின் ஊவா நெடுங்காலம் பாழ்பட்டுக் கிடந்தது. கோப்பிப் பயிர் வந்தபோது அதனோடு தென்னிந்தியத் தொழிலாளரும் வந்தனர். திருச்சிராப்பள்ளி, புதுக்கோட்டை, தஞ்சாவூர், சேலம், மதுரை, இராமநாதபுரம் ஆகிய பகுதிகளே அவர்களுள் பெரும்பாலோரின் தாயகம். கோப்பிக் காலத்தில் அவர்கள் பருவத்துக்கு வந்து பருவத்துக்குத் திரும்பினர். 1869இல் கோப்பி இலையில் துரு நோய் தோன்றி, அடுத்த இருபது ஆண்டுகளுள் அப்பயிர் ஏறத்தாழ ஒழிந்தது. தேயிலை வந்தது. தேயிலைக் கொழுந்து ஆண்டு முழுவதும் பறிக்கப்பட வேண்டியது. ஆதலால் தொழிலாளர் ஆண்டு முழுவதும் தங்கவேண்டியதாயிற்று. பெண்களும் பிள்ளைகளும் உடன் தங்கினர். ஊவா 1886இல் தனி மாகாணமானது. 1890இல் தோமஸ் லிப்டன் அப்புத்தளையில் தம்பேதன்னைத் தோட்டத்தை வாங்கினார். புகையிரதப் பாதை 1893இல் அப்புத்தளையையும், 1894இல் பண்டாரவளையையும், நெடுங்காலம் கழித்து 1924இல் பதுளையையும் எட்டியது. குடும்பமாகத் தங்கிய மக்களுக்கே ஊர் உண்டு. ஊர் இருந்தாலன்றித் திருவிழா இல்லை. லயங்களுக்கு நடுவே கோயில் எழுந்தது. கோயிலுக்கு முன்னால் காமன் பொட்டல் அமைந்தது.

வடகீழ்ப் பருவமழை ஓய்ந்த மாசி மாதத்தில், அமாவாசை கழிந்து மூன்றாம் பிறை தோன்றும் நாளை ஒட்டிக் கம்பம் நாட்டுவர். அக்கம்பமே காமன். அன்று தொட்டு முழுநிலவை ஒட்டிய தகன இரவு வரை கூத்து வளரும். இரதியாகவும் மன்மதனாகவும் வேடம் புனைவோர் இருவரும் ஆடவரே. நோன்பு காத்து, அந்நாட்களில் தெய்வமாகவே மதிக்கப்படுவர். அவர்கள் லயம் லயமாக ஆடிச் செல்லும்போது, வீட்டுக்காரர் வாசலைக் கூட்டி நீர் தெளித்து விளக்கேற்றி வரவேற்பர். பிள்ளைப்பேறு வேண்டுவோர் வணங்குவர். தூதன், நந்தி, எமன், வீரபத்திரன், குறவன், குறத்தி, கோமாளி என வேடங்கள் பல. தப்பின் ஓசை இன்றி இவற்றுள் ஒன்றும் அசையாது. தப்பிசைத்தவர் எவரோ அவர்களே அக்காலத் தோட்டச் சமூகத்தில் கடைசி வரிசையில் நிறுத்தப்பட்டனர் என்பதையும் மறைக்காமற் சொல்ல வேண்டும். தலைக்கங்காணியின் சொல்லும் துரையின் இசைவும் இன்றி இரவெல்லாம் தீப்பந்தம் எரிய முடியாது. விடியற்காலையிலே பெரட்டுக்குப் போகவேண்டிய கால்கள் தாம் அவ்விரவெல்லாம் ஆடின.

கூத்தின் உயிர்நிலை எது? கணை தொடுக்கும் கட்டமா? அன்று. அது விரைவில் முடிந்துவிடும். போர்க் காட்சியைக் காண வந்த இளைஞர் ஏமாறுவதும் உண்டு. இரவின் பெரும்பகுதியை எடுத்துக்கொள்வது, புறப்படும் மன்மதனை இரதி தடுக்கும் வாதம். தீய கனவு கண்டேன், போகாதே என்கிறாள் அவள். அழைப்பு வந்துவிட்டது, போகாதிருக்க முடியாது என்கிறான் அவன். சிவன் பெரியவனா, தன் கணை பெரிதா என்ற தருக்கம் எழுகிறது. அதனை அடுத்து நெடுநேரம் நிற்பது, எரிந்த பின் இரதி பாடும் ஒப்பாரி. இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள நெற்றிக்கண் ஒரு கணத் தீ மட்டுமே. கந்தபுராணத்திலும் இரதியின் புலம்பல் உண்டு. வடமொழியிற் காளிதாசனும் தன் குமாரசம்பவத்தில் அதற்கு ஒரு சருக்கத்தையே ஒதுக்கினான். எனினும் தோட்டத்து ஒப்பாரி புலவர் வாக்கிலிருந்து எடுத்ததன்று. சாவு வீட்டில் பெண்கள் பாடும் மெட்டிலேயே அது பாடப்பட்டது. அதனைக் கேட்ட பெண்கள் வேடத்துக்காக அழவில்லை.

தஞ்சை மண்ணில் இக்கதை வேறொரு வடிவமும் பெற்றது. மராத்தியர் ஆட்சியின் தொடர்பால் பரவிய இலாவணிப் பாட்டில், எரிந்த கட்சி, எரியாத கட்சி என இரு சாரார் எதிரெதிர் அமர்ந்து வாதிடுவர். காமன் உண்மையில் எரிந்தான் என்பது ஒரு கட்சி. எரியவே இல்லை என்பது மறு கட்சி. வேடிக்கையாகத் தோன்றும் இவ்வழக்கு மிகக் கூரியது. உருவம் போனவனை உளன் என்பதா, இலன் என்பதா? சாம்பலைக் கண்டவர் ஒன்று சொல்வர். இரதி வேறொன்று சொல்வாள். இரவு முழுதும் வாதிட்டும் தீர்ப்பு எட்டப்படாமலே பந்தல் கலையும்.

அருச்சுனன் தபசோடு ஒப்பிட்டால் வேறுபாடு தெளிவாகும். நாடிழந்து காடேகிய ஒருவன், தவத்தால் பாசுபதம் பெறுகிறான். உயர நாட்டிய மரத்தில் பாடிக்கொண்டே ஏறும் அருச்சுனனைக் காணும்போது களத்தில் எழும் ஆரவாரம் பெரிது. அது நம்பிக்கையின் கூத்து. படைக்கலம் இல்லாதவன் ஒரு நாள் பெறுவான் என்பது அதன் பொருள். காமன் கூத்தோ, பெற்ற படைக்கலத்தை மேலோர் ஏவலால் எய்து அழிந்தவனின் கூத்து. இரண்டையும் ஒரே மக்கள் ஆடினர் என்பது சிந்திக்கத்தக்கது.

இனி வரலாற்றுக்கு வருவோம். 1931இல் டொனமூர் அரசியற்றிட்டத்தின் கீழ்த் தோட்டத் தமிழருள் ஒரு பகுதியினர் வாக்குரிமை பெற்றனர். 1939இல் இலங்கை இந்தியக் காங்கிரஸ் தோன்றியது. 1947ஆம் ஆண்டுப் பொதுத் தேர்தலில் அதன் சார்பில் எழுவர் பாராளுமன்றம் புகுந்தனர். நுவரெலியாவுக்குச் சௌமியமூர்த்தி தொண்டமானும், தலவாக்கலைக்குச் சி. வி. வேலுப்பிள்ளையும் தெரிவாயினர். மறு ஆண்டே 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டம் நிறைவேறியது. சட்டம் நடைமுறைக்கு வருமுன் இலங்கையிற் பிறந்த ஒருவர் வம்சாவழியாற் பிரசையாக வேண்டின், அவருடைய தந்தை இலங்கையிற் பிறந்திருக்க வேண்டும். அல்லது தந்தைவழிப் பாட்டனும் பூட்டனும் இலங்கையிற் பிறந்திருக்க வேண்டும். பிறப்புப் பதிவு ஒழுங்காகப் பேணப்படாத தோட்டங்களில் பூட்டனின் பிறப்பை எவர் மெய்ப்பிப்பார்?

இச்சட்டம் எவரையும் நாட்டிலிருந்து வெளியேற்றவில்லை. எவருடைய லயத்தையும் இடிக்கவில்லை. சட்டம் வந்த மறுநாளும் மடுல்சீமையிலும் நமுனுகுலையிலும் பெரட்டுத் தப்பு அடித்தது, கொழுந்து நிறுக்கப்பட்டது, சம்பளம் எழுதப்பட்டது. உடல்கள் யாவும் இருந்த இடத்திலேயே இருந்தன. ஆயினும் அவர்கள் முன்னிருந்தவர்களாக இல்லை. உள்ளதை வேறாக்கும் படைக்கலம் என்று இக்கட்டுரையின் தொடக்கத்திற் கூறியது, புராணத்துக்கு வெளியே எங்கேனும் உண்டெனில் அது இத்தகைய சட்டமேயாகும். 1949ஆம் ஆண்டின் 3ஆம் இலக்க இந்திய பாகிஸ்தானியர் பிரசாவுரிமைச் சட்டம் விண்ணப்பிக்க ஒரு வழி விட்டது. 1946 தை முதலாந் திகதிக்கு முன், மணமானவர் 7 ஆண்டும் மணமாகாதவர் 10 ஆண்டும் இடையறாது வாழ்ந்தமைக்குச் சான்று கேட்டது. அதே ஆண்டின் 48ஆம் இலக்கத் தேர்தல் திருத்தச் சட்டம், பிரசையல்லாதாரை வாக்காளர் இடாப்பிலிருந்து நீக்கியது. ஏறத்தாழ 825,000 பேருக்காக விண்ணப்பங்கள் சென்றன. ஏறத்தாழ 134,000 பேரே ஏற்கப்பட்டனர். 1952இல் கொழும்பிற் சத்தியாக்கிரகம் நிகழ்ந்தது. அவ்வாண்டுத் தேர்தலில் எழுவர் இருந்த இடத்தில் ஒருவரும் இல்லை. அதன் பின் 1977 வரை தோட்டத் தமிழர் பிரதிநிதி எவரும் தேர்தல் வழி மன்றம் புகவில்லை.

இலாவணிப் பந்தலில் நடந்த வழக்கு நீதிமன்றத்திலும் நடந்தது என்பது வியப்புக்குரியது. கோடாக்கன் பிள்ளை என்பார் தம் பெயர் வாக்காளர் இடாப்பில் இடம்பெற வேண்டுமென வழக்காடினார். இச்சட்டங்கள் ஓர் இனத்தாரைக் குறிவைத்தவை, ஆகவே அரசியலமைப்பின் 29ஆம் பிரிவுக்கு மாறானவை என்பது அவர் தரப்பு. ஒரு நாடு தன் பிரசை யார் என வரையறுப்பது இயல்பே, எவரிடமிருந்தும் எதுவும் அநீதியாகப் பறிக்கப்படவில்லை என்பது அரசு தரப்பு. 1953இல் இலண்டன் பிரிவிக் கவுன்சில் சட்டம் செல்லும் எனத் தீர்ப்பளித்தது. எரியாத கட்சி வென்றது என்று சொன்னால் நண்பர்கள் என்னைக் குறைகூற மாட்டார்கள் என நம்புகிறேன்.

பின்னர் நிகழ்ந்தவை பலரும் அறிந்தவை. 1964 ஒக்ரோபர் 30ஆந் திகதி கைச்சாத்தான சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 975,000 பேரைக் கணக்கில் எடுத்தது. 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேர் இலங்கைக்கு, எஞ்சிய 150,000 பேர் பிறகு பார்க்கப்படுவர் என்றது. 1974இல் அந்த எஞ்சியவரை இரு நாடுகளும் 75,000 வீதம் பங்கிட்டுக்கொண்டன. ஒரே லயத்தில் அண்ணனுக்கு ஒரு நாடும் தம்பிக்கு ஒரு நாடும் வாய்த்தன. பதுளையிலிருந்தும் பண்டாரவளையிலிருந்தும் தலைமன்னாருக்குப் புறப்பட்டோரை ஏற்றிச் சென்ற புகையிரதத்தை மலையக மக்கள் ஒப்பாரிக் கோச்சி என்றனர். இப்பெயரை இட்டவர் எவரென்று வரலாறு பதியவில்லை. ஆனால் மாசி இரவில் இரதியின் ஒப்பாரியைக் கேட்டு வளர்ந்த செவிகளுக்கு இச்சொல் தேடாமலே கிடைத்திருக்கும்.

இங்கே ஓர் எச்சரிக்கை வேண்டும். காமன் கூத்து 1948க்கு எவ்வளவோ முற்பட்டது; பிரசாவுரிமை பற்றி எவரும் அதனைப் புனையவில்லை. கூத்தர் எவரும் மேடையில் நின்று சட்டத்தைச் சாடினார் என்று யான் கூறவரவில்லை. ஆராய்ச்சியாளர் சிலர், நாட்டார் வழக்காறு எதைக் கண்டாலும் அதனுள் எதிர்ப்பைத் தேடிக் கண்டெடுத்து விடுகின்றனர். அது எளிய வேலை. யான் கூறுவது இதனினும் சிறியது. ஒரு பழங்கதையைத் தலைமுறை தலைமுறையாக ஆடும் மக்கள், தம் வாழ்வு மாறும்போது அக்கதையில் தாம் அழும் இடத்தையும் மாற்றிக்கொள்வர்.

இதற்கு என் நினைவிலிருந்து ஒன்றைச் சொல்லலாம். பசறைப் பக்கத்துத் தோட்டமொன்றில் சிறுவனாக என் அப்பாயியின் மடியில் இருந்து இக்கூத்தைப் பார்த்திருக்கிறேன். தகனத்துக்குப் பின் எல்லாரும் எழுந்து போயினர். அப்பாயி மாத்திரம் எழவில்லை. “ஏன் அப்பாயி, காமன் செத்துட்டானே, வா போவோம்” என்றேன். “சாகலடா. அவ கண்ணுக்கு மட்டுந்தான் தெரிவான். நம்ம கண்ணுக்குத் தெரியாது” என்றாள். பின்னர் ஆறிய சாம்பலில் ஒரு விரல் தொட்டு என் நெற்றியில் இட்டாள். அவளுடைய தகரப் பெட்டியில், நிராகரிக்கப்பட்ட விண்ணப்பத்தின் கடிதம் ஒன்று மடித்து வைக்கப்பட்டிருந்ததைப் பல ஆண்டுகள் கழித்தே கண்டேன். அவள் பேசியது காமனைப் பற்றியா, வேறெதைப் பற்றியா என்று கேட்க அப்போது அவள் இல்லை.

தேர்தலில் வென்று, இடாப்பிலிருந்து தம் மக்கள் நீக்கப்பட்டதைக் கண்ட சி. வி. வேலுப்பிள்ளை, பிற்காலத்தில் மலைநாட்டு மக்கள் பாடல்களைத் தொகுத்தார் என்பதையும் இவ்விடத்து நினைக்கலாம். காமன் கூத்தையும் மலையகத்தின் பிற பாரம்பரியக் கலைகளையும் மாத்தளை வடிவேலன் போன்றோர் பதிவு செய்தனர். ஏட்டில் இடம்பெறாத மக்களை ஏட்டில் ஏற்றும் பணியாகவே அதனைக் கொள்ளவேண்டும்.

தகனத்தின் மூன்றாம் நாள் காமனை உயிர்ப்பிக்கும் சடங்கு நிகழும். தகனத்தைக் காணத் திரண்டவர்களிற் பாதிப் பேரும் அன்று வருவதில்லை. தீ இல்லை, தருக்கம் இல்லை, சிறு பூசையும் உணவும் உண்டு. சட்டத்தின் உயிர்ப்பிப்பும் அவ்வாறே ஆரவாரமின்றி, தவணை தவணையாக நிகழ்ந்தது. 1986ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம், 1988ஆம் ஆண்டின் 39ஆம் இலக்கச் சட்டம், ஈற்றில் 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம் என்பவற்றால் நாடற்றோர் என்ற வகுப்பு ஏட்டிலிருந்து நீங்கியது. முதற் சட்டத்துக்கும் இறுதிச் சட்டத்துக்கும் இடையே 55 ஆண்டுகள். அதற்குள் அப்பாயிமார் பலர் போய்விட்டனர். இரதி வேடம் கட்டியவர்களுட் சிலர் கோத்தகிரிக்கும் கூடலூருக்கும் போயிருப்பர். அவர்கள் விட்டுச் சென்ற தோட்டங்களில் மறு மாசிக்கு வேறொருவர் நோன்பிருந்து, வேடம் கட்டி, மூன்றாம் பிறையன்று கம்பத்தின் முன் நின்றார்.